தலைவருக்கு அம்மை போட்ட கதை

எனக்கு இருபத்திரண்டு வயதில் எல்லாம் தெரிந்திருந்தது. அதற்குப் பிறகு கொஞ்சம் கொஞ்சமாக மறந்து இன்றைய நிலைக்கு வந்திருக்கிறேன். கும்பகோணத்தில் ஓவியம் படித்து முடித்துக் காரைக்காலுக்குத் திரும்பியபோது என்னிடம் ஒரு ஜோல்னாப் பையும் ஆறு தூரிகைகளும் இருந்தன. யாரைப் பார்த்தாலும் ‘இவருக்குக் கலை தெரியாது’ என்று தோன்றுகிற வியாதி ஒன்றும் இருந்தது. பையும் தூரிகையும் எப்போதோ தொலைந்துவிட்டன. வியாதியைப் பற்றி என் கணவரிடம் கேட்டுக்கொள்ளுங்கள்.

அப்பா சூசை, தையல்காரர். மாதா கோயிலுக்குப் பக்கத்துத் தெருவில் எங்கள் வீட்டு முன்னறைதான் கடை. என் படிப்பை அவர் ஒரே கேள்வியில் விசாரித்தார்.

“படிச்சு முடிச்சாச்சு. இனிமே என்ன வரையப் போற பிலோ?” (பிலோமினா என்று முழுசாகக் கூப்பிட்டால் கோபம் என்று அர்த்தம்.)

“மக்களை வரைய வைக்கப் போறேன்பா.”

“சரி, அவங்க வரைவாங்க. நீ என்ன பண்ணுவ?”

இதற்கு என்னிடம் நாற்பது நிமிஷப் பதில் இருந்தது. கல்லூரி நூலகத்தில் ஒரு பழைய பத்திரிகையில் படித்தது. ஓவியன் தனியாக உட்கார்ந்து வரைந்த காலம் முடிந்துவிட்டது, இனி ஊரே சேர்ந்து வரைய வேண்டும், ஓவியன் கோடு மட்டும் போட்டுக் கொடுத்துவிட்டுத் தள்ளி நிற்க வேண்டும் என்று அதில் எழுதியிருந்தது. (கட்டுரையின் கடைசிப் பக்கம் கிழிந்துபோயிருந்தது. ‘ஆனால்’ என்று ஆரம்பிக்கும் விஷயமெல்லாம் அங்கேதான் இருந்திருக்கும் என்று இப்போது நினைக்கிறேன்.) அப்பா ஒரு சட்டைக்குப் பித்தான் துளை தைத்துக்கொண்டே நாற்பது நிமிஷமும் கேட்டார். கேட்டுவிட்டுத் தீர்ப்பு சொன்னார்.

“சித்திரை வரைக்கும் பாரு. அதுக்குள்ள நிலையா ஒரு வேலை கெடச்சா வரைஞ்சுக்க, நான் தடுக்கலை. இல்லேன்னா டைப்ரைட்டிங் கிளாஸ்ல சேர்ற. மேரியில ஆள் எடுக்கப் போறாங்களாம்.”

மேரி என்றால் நகராட்சி ஆபீஸ். பிரெஞ்சுக்காரன் கப்பலேறி இத்தனை வருஷமாகியும் அப்பா அந்தப் பெயரை விடவில்லை. டைப்ரைட்டர் மேஜைக்கு முன்னால் உட்கார்ந்தால் அத்தோடு என் ஓவியம் செத்தது என்று எனக்கு உறுதியாகத் தெரியும். வரைவதைத் தவிர வேறு எதுவும் எனக்குப் பிடிக்கவும் இல்லை, வரவும் இல்லை.

எண்பதுகளின் தொடக்கம் அது. ஊரில் ஒரு தியேட்டருக்கு பேனர் வரைந்துகொண்டிருந்தவர் கண் ஆபரேஷன் செய்துகொண்டு படுத்திருந்தார். தியேட்டர் முதலாளி மரைக்காயர் அப்பாவிடம் ஜிப்பா தைக்கிறவர். நான் போய் நின்றேன்.

“பொம்பளப் புள்ள பேனர் வரைஞ்சு நான் பார்த்ததில்லம்மா,” என்றார். “இருந்தாலும் சூசை மகளாச்சே. சித்திரையில புதுப் படம் வெள்ளிக்கிழமை போடுறோம். வரைஞ்சு கட்டு. மூணு நாள் பார்ப்பேன். நல்லா இருந்தா ஞாயித்துக்கிழமை சொல்றேன், இனிமே எல்லாப் படத்துக்கும் நீதான்.”

அப்பா இதைக் கேட்டுவிட்டு, “ரொம்ப வசதியாப் போச்சு. டைப்ரைட்டிங் கிளாஸ் திங்கக்கிழமைதான் ஆரம்பம்,” என்றார்.

படத்தின் நாயகன் யார் என்று சொல்ல மாட்டேன். அவருடைய ரசிகர்கள் இன்னும் திடகாத்திரமாக இருக்கிறார்கள், எனக்கு முழங்கால் வலி, ஓட முடியாது. அவர்கள் சொல்வதுபோல நானும் தலைவர் என்றே சொல்லிவிடுகிறேன். காரைக்காலில் அவருடைய ரசிகர் மன்றச் செயலாளர் நெரவி துரைராஜு. தலைவர் படத்தைச் சட்டைப்பையில் இதயத்துக்கு நேராக வைத்திருப்பார். வியர்வை படாமலிருக்கப் பிளாஸ்டிக் உறையும் உண்டு.

பேனர் வரைகிற எல்லோருக்கும் தெரிந்த முறைதான்: சின்னப் படத்தின் மேல் கட்டம் போடுவது, ஒவ்வொரு கட்டத்தையும் பெரிதாக்கித் துணிக்கு மாற்றுவது. நான் தலைவர் முகத்தை நாற்பத்தெட்டுக் கட்டமாகப் பிரித்து, காடாத் துணியையும் நாற்பத்தெட்டுத் துண்டாக வெட்டி, ஒவ்வொன்றிலும் பென்சில் கோடு போட்டுப் பின்பக்கம் நம்பர் எழுதினேன். ஒரு துண்டு ஒரு ரசிகருக்கு. கலரை நான் கலந்து கொட்டாங்குச்சியில் கொடுத்துவிடுவேன், வீட்டில் வைத்து அவரே வரைய வேண்டும். வந்ததும் அப்பா எல்லாவற்றையும் சேர்த்துத் தைப்பார்.

துரைராஜுவிடம் இதைச் சொன்னபோது அவர் சட்டைப்பையைத் தொட்டுக்கொண்டார்.

“அப்ப… தலைவர் மூஞ்சில எங்க கை படும்?”

“படும்ணே. நாப்பத்தெட்டுப் பேர் கையும் படும்.”

அந்த மனுஷர் கண் கலங்கிவிட்டார். நானும் கலங்கினேன். அவர் தலைவரை நினைத்து, நான் என்னை நினைத்து.

கண், மூக்கு, உதடு எல்லாம் மன்ற நிர்வாகிகளுக்குப் போய்விட்டன. மீசைக்குத்தான் அடிதடி. கடைசியில் இடது மீசை ஒருவருக்கும் வலது மீசை அவர் மச்சானுக்கும் விழுந்தது. (இரண்டு பேருக்கும் ஆறு மாசமாகப் பேச்சுவார்த்தை கிடையாது. அது மீசையில் தெரிந்தது.) தலைமுடி கிடைத்தவர்கள்கூடப் பரவாயில்லை, கறுப்பாக ஏதோ அடிக்கலாம். பிரச்சினை மற்றவர்களுக்கு. ஒரு முகத்தில் நெற்றியும் கன்னமும் கழுத்தும் எவ்வளவு இடத்தை அடைத்துக்கொள்கின்றன என்று அன்றைக்குத்தான் எனக்கே தெரிந்தது. இருபத்திரண்டு துண்டுகளில் ஒரு கோடுகூட இல்லை.

காரைக்கால்மேட்டிலிருந்து கலியபெருமாள் தன் பங்குக்கு வந்த துண்டைத் தோளில் போட்டுக்கொண்டு எங்கள் வீட்டுக்கே வந்துவிட்டார். கடலுக்குப் போகிறவர், நாற்பது வயதிருக்கும், வாசலில் நின்றால் வெளிச்சம் மறையும் ஆள்.

“தங்கச்சி, இதுல ஒண்ணுமே இல்லியே?”

“அது கன்னம்ணே. அந்தக் கொட்டாங்குச்சில இருக்கிற தோல் கலரை அப்படியே பூசிட வேண்டியதுதான்.”

“கன்னம்னு தெரியுது. ஆனா தலைவர் எங்க இருக்காரு?”

“முழுசாத் தச்சதும் தெரிவாருண்ணே.”

“அது ஊருக்குத் தெரியும். நான் என் பொஞ்சாதி கிட்ட எதைக் காட்டுறது? பதினஞ்சு வருஷ ரசிகன் நான். அவரு படம் வந்தா கடலுக்குப் போவாம நிப்பேன். எனக்கு வெறும் சதையக் குடுத்துட்டியே!”

அவர் குரல் உடைந்துபோயிற்று. எனக்கும் ஒரு மாதிரி ஆகிவிட்டது. அந்த நிமிஷத்தில் சும்மா இருந்திருக்கலாம். பேசாமல் ஒரு டீ கொடுத்து அனுப்பியிருக்கலாம். நானோ பத்திரிகைக் கட்டுரையை நினைத்துக்கொண்டு, நெஞ்சை நிமிர்த்தி, கையை வேறு ஆட்டிச் சொன்னேன்.

“அண்ணே, அது உங்க கட்டம். உங்க மனசுல என்ன இருக்கோ அதை வரைங்க.”

கலியபெருமாள் மனசில் என்ன இருக்கும்? தலைவர்தான் இருந்தார். கன்னத்துக்கு நடுவில், சாப்பாட்டுத் தட்டு அளவில், தலைவருடைய முகத்தை வரைந்துவிட்டார். படகுக்கு அடித்து மிச்சமிருந்த சிவப்பு பெயிண்டில் முகம், கறுப்பில் கண்ணும் மீசையும். அத்தோடு விட்டிருந்தால் ஒரு மச்சம் என்று சமாளித்திருக்கலாம். அவர் துரைராஜுவிடம் காட்ட, துரைராஜு சைக்கிளை எடுத்துக்கொண்டு, “தங்கச்சி உத்தரவு குடுத்துடுச்சு!” என்று நெரவியிலிருந்து பூவம் வரைக்கும் சொல்லிவிட்டார். வெறும் சதை கிடைத்த இருபத்திரண்டு பேருக்கும் உயிர் வந்தது. சிவப்பு, கறுப்பு பெயிண்ட் இரண்டும் கலியபெருமாள் உபயம்.

துண்டுகள் ஒவ்வொன்றாக வந்தபோது நான் பார்க்கவில்லையா என்று கேட்பீர்கள். பார்த்தேன். ஒவ்வொன்றையும் மடியில் விரித்துப் பார்த்துப் பூரித்தேன். ஒரு தலைவர் சிரித்தார், ஒருவருக்குக் காது இல்லை. விழிதியூர்க்காரர் தலைவருக்குப் பக்கத்தில் தன் உழவுமாட்டையும் நிறுத்தியிருந்தார். பூவத்துக்காரர் துண்டில் அவர் மனைவி கை வைத்துத் தலைவருக்குச் சந்தனப் பொட்டு இட்டிருந்தாள். ‘இதுதான் மக்கள் கலை’ என்று அம்மாவிடம் சொல்லி அழுதேன். அம்மா, “பெயிண்ட் காயல, தாவணில ஒட்டிக்கும்,” என்றாள். பேனர்க்காரன் செய்கிற முதல் காரியம் எதிர்சாரிக்குப் போய் நின்று பார்ப்பது. நான் அதுவரை என் மடியைவிடப் பெரிதாக எதையும் வரைந்தது கிடையாது. எங்கள் தெருவில் தள்ளி நின்று பார்க்க இடமும் கிடையாது. அப்பா துணியைக் கவிழ்த்துப் போட்டு, நம்பர் பார்த்து, மூன்று நாளில் தைத்து முடித்தார்.

வியாழக்கிழமை பிற்பகல் தியேட்டர் மொட்டைமாடியிலிருந்து பேனரை இறக்கிக் கட்டினார்கள். நான் மாடியில் நின்று, “இன்னும் கொஞ்சம் இடது பக்கம்!” என்று பின்பக்கத்தைப் பார்த்து அதிகாரம் பண்ணிக்கொண்டிருந்தேன். கட்டி முடித்ததும் கம்பீரமாக இறங்கி ரோட்டைத் தாண்டிப் போனேன். எதிர்சாரியில் அப்பா சைக்கிளைப் பிடித்துக்கொண்டு அண்ணாந்து நின்றார்.

“பிலோமினா,” என்றார். “உங்க தலைவருக்கு உடம்புக்கு என்ன?”

திரும்பிப் பார்த்தேன்.

கண் இருந்தது. மூக்கு இருந்தது. மீசை இரண்டும் ஒன்றோடொன்று பேசாமல் இருந்தன. நெற்றி, கன்னம், தாடை, கழுத்து எல்லா இடத்திலும் சிவப்புச் சிவப்பாக, நடுவில் கறுப்புப் புள்ளியோடு, திரண்ட கொப்புளங்கள். என் மடியில் சிரித்த இருபத்திரண்டு தலைவர்களும் ரோட்டிலிருந்து பார்த்தால் இருபத்திரண்டு முத்து. சித்திரை வெயிலில் தலைவருக்கு அம்மை போட்டிருந்தது.

அவிழ்த்துவிடலாம், யாரும் பார்க்குமுன் அவிழ்த்துவிடலாம் என்று ஓரடி எடுத்து வைத்தேன். அதற்குள் மீன்கூடையோடு ஒரு பெண் வந்து பக்கத்தில் நின்றாள். கூடையை இறக்கினாள். தலைக்கு மேல் கைகூப்பினாள்.

“ஆத்தா! மாரியாத்தா! எப்ப போட்டுச்சு தங்கச்சி அவருக்கு?”

அது சம்பூர்ணம், சாட்சாத் கலியபெருமாளின் மனைவி. கன்னத்தில் இருக்கிற முத்துகளில் ஒன்று தன் புருஷன் கைவேலை என்று அவளுக்குத் தெரியவில்லை.

“அக்கா, அது அம்மை இல்லக்கா. அது வந்து…”

“ஏய், வாய மூடு! இல்லன்னு சொல்லாத. ஆத்தா காதுல விழுந்தா இன்னும் ரெண்டு போட்டுடுவா.” குரலைத் தாழ்த்திக்கொண்டாள். “பாவம், மகராசன். அவரு நல்லாவணும்னு வேண்டிக்கிட்டுத்தான் மன்றத்துல இப்படி எழுதி மாட்டியிருக்காங்களா? நல்ல புள்ளைங்க.”

கூடையைத் தூக்கிக்கொண்டு போய்விட்டாள். அவள் தலையில் இருந்தது மீன், வாயில் இருந்தது செய்தி. இரண்டும் சாயங்காலத்துக்குள் ஊர் முழுக்க விநியோகமாகிவிட்டன.

வெள்ளிக்கிழமை காலையில் நான் தியேட்டருக்குப் போனபோது கேட்டில் வேப்பிலைத் தோரணம் தொங்கியது. ஒருமுறை அம்மை என்று சொல்லியாகிவிட்டால் பிறகு ‘அது வெறும் பெயிண்ட்’ என்று சொல்ல எவனுக்குத் தைரியம் வரும்? அவிழ்ப்பதற்கும் யாரும் கை வைக்க மாட்டார்கள். அம்மை கண்ட வீட்டில் மேளம் கூடாது, அதனால் மேளக்காரர்கள் திரும்பிப் போனார்கள். வெடி கூடாது, சரம் சாக்கிலேயே கிடந்தது. எண்ணெய்ச் சட்டி வைக்கக் கூடாது என்று கேன்டீன்காரர் போண்டா போடுவதை நிறுத்திவிட்டு மோர் கொடுத்துக்கொண்டிருந்தார்.

வந்த கொஞ்சம் பேரும் செருப்பை வெளியே கழற்றிவிட்டு உள்ளே போனார்கள். தலைவர் திரையில் தோன்றினார். ஒரு விசில் இல்லை. சண்டை போட்டார். யாரோ, “பார்த்துங்க, உடம்பு முடியாம இருக்கீங்க,” என்று முனகினார்கள். கலியபெருமாள் என் வரிசைக்கு முன்வரிசையில் இரண்டு விரலையும் வாயில் வைத்துக்கொண்டு, ஊதவும் முடியாமல் எடுக்கவும் முடியாமல், மூச்சு முட்டி உட்கார்ந்திருந்தார். அந்த முதுகைப் பார்த்தபோது எனக்கு என் மேலேயே வெறுப்பாக வந்தது. பதினைந்து வருஷமாக அந்த மனுஷர் முதல் காட்சிக்குத்தான் காத்திருப்பார். அதை நான் துக்க வீடாக்கிவிட்டேன்.

இடைவேளையில் மரைக்காயர் கூப்பிட்டனுப்பினார்.

“ஏம்மா, எங்க வாப்பா காலத்துலேருந்து தியேட்டர் நடத்துறோம். விசில் இல்லாம ஒரு படம் ஓடி நான் பார்த்ததில்ல. மௌத்தான வீடு மாதிரி இருக்கு. என்னதான் வரைஞ்சே?”

“அது மக்களோட கலைங்க…”

“அப்ப மக்களைக் கூப்பிட்டு வழி கேளு. ஞாயித்துக்கிழமை வரைக்கும்தான் உனக்குக் கெடு. ஞாபகம் இருக்கட்டும்.”

வழி சொன்னதும் சம்பூர்ணம்தான். அம்மை இறங்கினால் தலைக்குத் தண்ணி ஊற்றுவார்கள், அதற்குப் பிறகு எல்லா விலக்கும் நீங்கிவிடும். வெள்ளிக்கிழமை வேப்பிலை கட்டியது, அதிலிருந்து ஞாயிற்றுக்கிழமை மூன்றாம் நாள், ஒற்றைப்படை, அன்றைக்குத் தலைவருக்குத் தண்ணி ஊற்றிவிடலாம் என்றாள். துரைராஜு தாவிக்குதித்து ஒப்புக்கொண்டார். மரைக்காயர், “நசீபு இருந்தா நல்லது நடக்கட்டும்,” என்றார். எனக்கும் போன உயிர் திரும்பியது. தண்ணி ஊற்றுவது என்றால் வேப்பிலையால் நாலு சொட்டுத் தெளிப்பார்கள், மேளம் கொட்டும், விசில் பறக்கும், மரைக்காயர் மனம் குளிர்ந்து வேலை கொடுத்துவிடுவார் என்று கணக்குப் போட்டேன். இவ்வளவு பட்டும் எனக்கு எல்லாம் தெரிந்தேதான் இருந்தது.

ஞாயிற்றுக்கிழமை நான் பூசை முடிந்து வந்தபோது தியேட்டர் வாசலில் ஊரே நின்றது. மொட்டைமாடியில் சம்பூர்ணமும் நாற்பது பெண்களும். ஆளுக்கொரு குடம். குடத்தில் மஞ்சளும் வேப்பிலையும் போட்டு வெயிலில் காய்ந்த தண்ணீர்.

அப்போதுதான் எனக்கு ஞாபகம் வந்தது. நான் எல்லோருக்கும் கலந்து கொடுத்தது பசையில் குழைத்த பவுடர் கலர். மழைக்காலம் இல்லையே, தண்ணீர் எங்கிருந்து வரப்போகிறது என்று எண்ணெயில் குழைக்காமல் விட்டிருந்தேன்.

“அக்கா! வேண்டாங்க்கா! நிறுத்துங்க!” என்று கத்தினேன். நாற்பது பேர் குலவை போட்டால் ஒருத்தியின் கூச்சல் எங்கே கேட்கும்?

குடங்கள் கவிழ்ந்தன. முதலில் தலைமுடி இறங்கியது. பிறகு புருவம் கண்ணுக்குள் போனது, கண் மூக்குக்குப் போனது, மூக்கு உதட்டோடு சேர்ந்தது. ஆறு மாசம் பேசாத மீசைகள் இரண்டும் ஒன்றாகக் கலந்து கழுத்து வழியாக ஓடி வாசலில் தேங்கின. பத்து நிமிஷத்தில் தலைவரைக் காணோம். அழுக்குத் துணி. அதில் படகு பெயிண்டில் வரைந்த இருபத்திரண்டு சின்னத் தலைவர்கள் மட்டும், ஒரு சொட்டுக்கூடக் கரையாமல், குளித்துவிட்டுப் பளிச்சென்று சிரித்துக்கொண்டிருந்தார்கள்.

கீழே எல்லோரும் அண்ணாந்து பார்த்தார்கள். அப்புறம் கலியபெருமாள் ரோட்டிலிருந்து கத்தினார்.

“ஏ சம்பூர்ணம்! அந்தா பாருடி, அது என்னுது! நான் வரைஞ்சது!”

இரண்டு விரலை வாயில் வைத்து ஊதினார் பாருங்கள், மூன்று நாளாக அடக்கி வைத்த விசில். அதைக் கேட்டு மேளம் பிடித்துக்கொண்டது, சரம் வெடித்தது, கேன்டீனில் எண்ணெய் காய்ந்தது. விழிதியூர்க்காரர் தன் மாட்டை ஊருக்குக் காட்டினார். அன்று மாலைக் காட்சிக்கு தியேட்டர் கொள்ளவில்லை.

நான் நம்பிக்கையோடு மரைக்காயர் முகத்தைப் பார்த்தேன். அவர் தண்ணீர் சொட்டுகிற துணியைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

“வியாழக்கிழமை ஒரு ஆளுக்கு இருபத்திரெண்டு முத்து வச்சே. இன்னிக்கி முத்து இருக்கு, ஆளைக் காணோம்,” என்றார். பிறகு, கோபமில்லாமல், “உனக்குக் கை இருக்கும்மா. என் தியேட்டருக்கு ஒத்து வராது. நீ போய்ட்டு வா,” என்றார். திட்டியிருந்தால்கூடத் தாங்கியிருப்பேன்.

வீட்டுக்கு வந்து பின்கட்டில் உட்கார்ந்து, வெட்கம் கெட்டு, குரல் எடுத்து அழுதேன். முன்னறையில் மன்றத்துக்காரர்கள் வரிசையாக வந்து அவரவர் துண்டைக் கேட்டுக்கொண்டிருந்தார்கள். அப்பா தான் தைத்த தையலைத் தானே பிரித்து, ஒவ்வொருவருக்கும் மடித்துக் கொடுத்தார். மீசை, மூக்கு நிர்வாகிகளுக்கு வெறும் துணி கிடைத்தது. அவர்கள் அதையும் வாங்கிக்கொண்டு போனார்கள்.

திங்கட்கிழமை டைப்ரைட்டிங்கில் சேர்ந்தேன். மேரியில் வேலை கிடைத்து, முப்பத்தோரு வருஷம் மற்றவர்களுடைய வாக்கியங்களைத் தட்டிக்கொடுத்து, ஓய்வு பெற்றேன். எங்கள் வீட்டில் யாருக்கு வேர்க்குரு வந்தாலும், கொசு கடித்தாலும், “பேனர் கட்டியாச்சு” என்றுதான் இன்றுவரை பேச்சு. என் மகளுக்கு நிஜமாகவே அம்மை போட்டபோது என் கணவர் கட்டிலருகில் நின்று, “இதுல எது கலியபெருமாள்?” என்று கேட்டார். காய்ச்சலில் கிடந்த பிள்ளை சிரித்தது, நான் சிரிக்கவில்லை.

ஆபீசில் எனக்கு டைப்பிஸ்ட் என்று பெயர், தெருவில் சூசை மகள், வீட்டில் இன்னார் மனைவி. மார்க்கெட்டில் மட்டும் கதை வேறு. நான் எப்போது மீன் வாங்கப் போனாலும் சம்பூர்ணம் பக்கத்துக் கடைக்காரிகளை அதட்டி வழிவிடச் சொல்வாள்.

“தள்ளுங்கடி. இவங்க யாரு தெரியுமா? ஓவியருங்க. தலைவருக்கே அம்மை போட்டு, இறக்கியும் விட்டவங்க!”

காரைக்காலில் என்னை ஓவியர் என்று கூப்பிட்டவள் அவள் ஒருத்திதான். அதற்காகவே முப்பது வருஷம் வேறு யாரிடமும் நான் மீன் வாங்கவில்லை.